காற்று தின்ற நேரம்

“பொய் சொன்னாலும் நம்புற மாதிரி சொல்லணும், கேப்டன்.”

விமான நிலைய மேனேஜர் நாற்காலியில் சாய்ந்து கையைக் கட்டிக்கொண்டார். பெயருக்குத்தான் விமான நிலையம். ஒரு ஓடுதளம், ஒரு ஷெட், ஒரு ஆபீஸ், ஆறு பேர் உட்காருகிற ஒரு குட்டி விமானம். அதை ஓட்டுகிற கேப்டன் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு எதிரே நின்றார்.

வாரத்தில் ஒரு நாள் அந்த விமானம் ஒரு டாக்டரைத் தீவு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போகும். அங்கே அவருக்கு ஆறு மணி நேர வேலை. முடிந்ததும் ஏற்றிக்கொண்டு திரும்ப வேண்டியதுதான். ஆனால் ஒவ்வொரு வாரமும் லேட்.

“நேத்து காத்து சார்,” என்றார் கேப்டன்.

“அதே காத்துதானே காலையில உங்களைப் பின்னாலேருந்து தள்ளிவிட்டுச்சு? போகும்போது லாபம், வரும்போது நஷ்டம். ரெண்டுக்கும் சரியாப் போச்சே! அப்புறம் என்ன லேட்டு?”

“சரியாப் போகாது சார். காத்தும் வீட்டுக்கு வர்ற சொந்தக்காரங்க மாதிரிதான். நல்லவங்க வந்த வேகத்துல கிளம்பிடுவாங்க. தொல்லை பிடிச்சவங்கதான் பெட்டியைத் திறந்து துணியை அடுக்கிக்கிட்டு உட்காருவாங்க.”

“புரியற மாதிரி சொல்லுங்க.”

“தள்ளுற காத்தோட நாம கொஞ்ச நேரம்தான் இருக்கோம். அதுதான் சீக்கிரம் கொண்டுபோய்ச் சேர்த்துடுதே! எதிர்காத்து வேகத்தைக் குறைக்குது. அதனால அதுகிட்ட ரொம்ப நேரம் மாட்டிக்கிறோம். கூட்டிக் கழிச்சுப் பாத்தா நஷ்டம்தான் மிஞ்சும்.”

மேனேஜருக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டார். ஆனால் எதையும் சரிபார்க்காமல் விடுகிற ஆள் இல்லை அவர். கால்குலேட்டரை எடுத்துத் தட்டினார்.

“சரி, ஒத்துக்கறேன். காத்தே இல்லைன்னா போக ஒரு மணி நேரம், வர ஒரு மணி நேரம். நேத்து அடிச்ச காத்துக்குப் போகும்போது பன்னிரண்டு நிமிஷம் மிச்சம், வரும்போது இருபது நிமிஷம் விரயம். ஆக, காத்து தின்னது எட்டு நிமிஷம்.”

“ஆமா சார்.”

“நீங்க வந்தது முக்கால் மணி நேரம் லேட்டா. மீதியை யாரு தின்னது?”

கேப்டன் தொப்பியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

“டாக்டரை எதிர்பார்த்து வீட்டுல ஒரு ஆள் பசியோட உட்கார்ந்திருக்கிறது உங்களுக்குத் தெரியாதா?”

கேப்டன் ஏதோ சொல்ல வாயெடுத்தார். மேனேஜரின் முகத்தைப் பார்த்ததும் அதை விழுங்கிவிட்டார்.

“அடுத்த வாரம் பாத்துக்கறேன் சார்.”

“நானும் பாத்துக்கறேன்.”

சாயங்காலம் ஆபீஸ் முடிந்ததும் வீட்டுக்குக் கிளம்பிவிடுவது மேனேஜரின் வழக்கம். விமானம் எப்போது ஷெட்டுக்கு வந்தது என்று மறுநாள் காவலாளி சொல்லித்தான் தெரியும். அடுத்த வாரம் அவர் கிளம்பவில்லை. ஆபீஸ் மொட்டைமாடியில் ஏறி நின்றுகொண்டார்.

விமானம் வந்தது. அன்றைக்கும் அதே காற்று; அதன் எட்டு நிமிஷத்தைக் கழித்தால் சரியான நேரம். பூப்போல இறங்கியது.

‘பரவாயில்லையே, திருந்திட்டாரே!’ என்று நினைத்தார்.

ஆனால் விமானம் ஷெட் பக்கம் திரும்பவில்லை. ஓடுதளத்தின் கோடிக்குப் போய், தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் ஒதுங்கி நின்றது. புரொப்பெல்லர் மட்டும் சுற்றிக்கொண்டே இருந்தது. யாரும் இறங்கவில்லை. நேரம் போனதே தவிர, விமானம் அசைவதாகத் தெரியவில்லை.

‘மாட்டினீங்களா!’

மேனேஜர் படியிறங்கி, காவலாளியின் சைக்கிளை வாங்கி மிதித்தார். எதிர்காற்று அவரையும் விடவில்லை. போய்ச் சேர்வதற்குள் நாக்குத் தள்ளிவிட்டது.

விமானத்தின் பின்பக்கமாகச் சுற்றி வந்து, கேப்டனின் ஜன்னலைத் தட்டக் கையை ஓங்கினார். அதற்குள் கேப்டனே பார்த்துவிட்டு ஜன்னலைத் திறந்தார். உதட்டில் விரலை வைத்திருந்தார்.

“என்ன கூத்து இது?”

“மெதுவா சார், மெதுவா.” கேப்டன் கட்டைவிரலால் பின்னால் காட்டினார்.

பின் சீட்டில் டாக்டர் தூங்கிக்கொண்டிருந்தார். செருப்பு ஒரு பக்கம், பை ஒரு பக்கம். தலை கண்ணாடியில் சாய்ந்து, வாய் லேசாகத் திறந்து, அடித்துப் போட்டது போன்ற தூக்கம்.

“ஏறி உட்கார்ந்ததுமே தூங்கிடறாங்க சார். முதல் தடவை ஷெட்டுக்குக் கொண்டுபோய் இன்ஜினை நிறுத்தினேன். சத்தம் நின்னதுதான் தாமதம், திடுக்குனு எழுந்து ‘எந்தப் பாப்பா அழுவுது? இதோ வந்துட்டேன், இதோ பால் கலக்கறேன்’னு கதவைத் தேடினாங்க. எனக்கு மனசே கேக்கலை. ராத்திரியில தூக்கமே இல்லைபோல...”

சொல்லிக்கொண்டே வந்தவர் சட்டென்று நிறுத்திக்கொண்டார்.

“இதை நேராச் சொல்றதுக்கென்ன? எதுக்குக் காத்து மேல பழியைப் போட்டீங்க?”

கேப்டன் சங்கடத்தோடு தலையைச் சொறிந்தார். “உங்ககிட்ட எப்படி சார் சொல்றது?”

மேனேஜர் கண்ணாடிக்குள்ளே எட்டிப் பார்த்தார். பிறகு சைக்கிளைச் சத்தமில்லாமல் திருப்பினார். நாலடி போனவர் திரும்பி வந்தார்.

“குழந்தைங்க ரெண்டு பேரையும் காப்பகத்துலேருந்து இன்னைக்கு நானே கூட்டிட்டுப் போறேன், கேப்டன். சமையலையும் பாத்துக்கறேன். என் பொண்டாட்டி தானா முழிக்கட்டும்.”