முற்றத்துக் காலடி

சுருவில் கிராமத்தில் வெயில் ஏறிவிட்டது. பூட்டிக் கிடக்கும் வீட்டின் மணல் முற்றத்தில், அதைப் பராமரிக்கும் மீனாம்பிகை ஈர்க்குமாறோடு குனிந்து நிற்கிறாள். தோளுக்கும் காதுக்கும் இடையே கைபேசி. கனடாவிலிருந்து வீட்டுக்காரி கஜாலினி பேசுகிறாள். “அக்கா, யப்பான்காரர் இக்கிகாய் எண்டு சொல்லுவினம். காலமை எழும்புறதுக்கு ஒரு காரணம். உங்களுக்கு என்ன?” “உங்கடை முத்தம் கூட்டுறதுதான், பிள்ளை.” கிணற்றடியிலிருந்து பூட்டிய கதவுவரை ஈரமான வெறுங்கால் தடங்கள் பதிந்திருக்கின்றன. திரும்பிப் போன தடம் ஒன்றும் இல்லை. மீனாம்பிகை ஒவ்வொன்றாக, விரல் அடையாளமும் மிஞ்சாமல், கூட்டி அழிக்கிறாள். “ஒருநாளைக்கு ஆறுதலா இருங்கோவன், அக்கா.” “ஏலாது. போன கிழமை காய்ச்சலிலை ஒருநாள் வராமல் விட்டனான். அடுத்தநாள் விடியப் பாத்தால், இந்தக் காலடி என்ரை வீட்டுக் கட்டிலடிவரைக்கும் வந்து நிண்டது.”