ஒன்பதாம் நாள் சவரம்

சலூன் கண்ணாடியில் காலை வெயில் சாய்ந்து கிடக்கிறது. சவரக்கத்தியை விரித்த கடைக்காரனின் கை வெடவெடக்கிறது. குடியை விட்டு இன்றோடு ஒன்பது நாள். அவன் வாயைத் திறந்தால் கடையே வயிறு வலிக்கச் சிரிக்கும். அதே ஆள் ஷட்டரை இறக்கிவிட்டுத் தனியாகக் குடித்து அழுததெல்லாம், நாற்காலியில் சாய்ந்திருக்கும் தச்சன் ஒருவனுக்குத்தான் தெரியும். "வேணாம்டா, கீறிடுவேன்." "கீறினா பஞ்சு வச்சுக்கலாம். நீ ஆரம்பி." தச்சன் கண்ணை மூடி, நுரை பூசிய கழுத்தை நிமிர்த்திக் கொடுக்கிறான். மின்விசிறி கிறீச்சிடுகிறது. காற்றில் தத்தளித்த கத்தி தொண்டையில் பட்டதும் நடுக்கம் அப்படியே அடங்குகிறது. சின்னச் சரசரப்போடு, ஒரே சீராக நுரையை வழித்துக்கொண்டு போகிறது. தச்சனுக்கு உச்சி முதல் உள்ளங்கால் வரை சிலிர்க்கிறது. உடம்பு தன்னால் உதறுகிறது. "ஆடாம உக்காருடா, எருமை!" என்று அதட்டுகிறான் கடைக்காரன், பழைய குரலில்.