மயக்கம் வேண்டாம்

“ஊசி போட்டு லேசா மயக்கவா, இல்ல ஒண்ணும் அறியாம உறங்க வைக்கவா?” என்று கேட்டாள் நர்ஸ்.

“ரெண்டும் வேண்டாம். முழிச்சே கெடக்கேன்,” என்றான் நேசையன். ரப்பர் பால் வெட்டுகிறவன். ஒரு மாதமாக மலத்தில் ரத்தம் போகிறது. குடலுக்குள் குழாய் விட்டுப் பார்க்க நாகர்கோவிலுக்கு வந்திருந்தான்.

மனைவி லீலாபாய்க்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. “பெரிய வீரன்! முள்ளு குத்துனா ஊரைக் கூட்டுத ஆளு! கூட்டிட்டுப் போவ நான் இருக்கேன்லா? மயங்கிக் கெடந்தா என்னவாம்?”

“நீ சும்ம இரி.”

கதவைச் சாத்தினார்கள். உள்ளேயிருந்து “எக்கம்மோ!” என்று இரண்டு முறை அலறல் கேட்டது. லீலாபாய் சேலைத் தலைப்பைக் கடித்துக்கொண்டு ஜெபித்தாள்.

அரை மணி நேரத்தில் வேர்த்துக் கொட்ட வெளியே வந்தான். முகமெல்லாம் சிரிப்பு.

“டிவியில கொடலு முழுக்க என் கண்ணால பாத்தேன். கட்டி இல்ல, புண்ணு இல்ல. மூலக்குருதான்னு டாக்டர் சொல்லிட்டாரு.”

“இதை மயக்கம் தெளிஞ்ச பொறவு நான் சொல்ல மாட்டேனா?”

“சொல்லுவ. நான் நம்பணுமே?”

“என்னையா நம்ப மாட்டீங்க?”

நேசையன் அவள் கையைப் பிடித்துக்கொண்டான். “போன வருசம் எங்க அண்ணனுக்கு இதே மாதிரி குழாய் விட்டுப் பாத்துட்டு, இன்னும் நாலு மாசந்தான் உசுரோட இருப்பான்னு டாக்டர் எங்கிட்ட சொல்லிட்டாரு. அவன் மயக்கம் தெளிஞ்சு கேட்டப்ப, ‘ஒண்ணும் இல்லண்ணே’ன்னு சிரிச்சிட்டே சொன்னது நான்லா?”

லீலாபாய் சேலைத் தலைப்பால் அவன் நெற்றி வேர்வையைத் துடைத்தாள்.

“வாட்டி, காப்பி குடிப்போம். எனக்கு மெய்யாவே ஒண்ணும் இல்ல.”