பத்துத் துள்ளல்

நாட்டுக்காக நாற்பத்தேழு ஆட்டங்களில் இருபத்தொன்பது கோல் போட்ட அன்சில்டா, உடை மாற்றும் அறையில் இடது காலை மட்டும் ஊன்றி நின்றாள். உலகக் கோப்பைக் கால்பந்துத் தகுதிச் சுற்றின் கடைசி ஆட்டம் இன்று மாலை. இரண்டு முறை அறுவை சிகிச்சை செய்த அந்த முழங்கால், காலையில் எழும்போதே வீங்கியிருந்தது. ஒற்றைக் காலில் பத்து முறை துள்ளிக் காட்டினால்தான் அணியின் பிசியோ மங்கையர்க்கரசி, ஆடலாம் என்ற காகிதத்தில் கையெழுத்துப் போடுவாள்.

"இன்னொரு தடவை ஜவ்வு கிழிஞ்சா நீ நடக்கிறதே கஷ்டம்டி."

"ஆட்டமே இல்லன்னா நான் நடந்து எங்கக்கா போகப்போறேன்? முப்பத்திமூணு வயசு. இன்னிக்கு உட்கார வெச்சா அப்புறம் கூப்பிடவே மாட்டாங்க."

மங்கை எண்ணத் தொடங்கினாள். மூன்றாவது துள்ளலில் முழங்காலுக்குள் ஏதோ நழுவியது. அன்சில்டா பல்லைக் கடித்துக்கொண்டு சிரித்தாள். ஆறாவதில் கண்ணீர் தானாக இறங்கியது.

"வலிக்குதா?"

"வேர்வைக்கா."

எட்டு, ஒன்பது என்று எண்ணிய மங்கை கையை உயர்த்தினாள். "பத்து. போதும், நிறுத்து."

அன்சில்டா நிறுத்தவில்லை. நின்றுவிட்டால் இனி அந்தக் காலை ஊன்ற முடியாது என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. மங்கை காகிதத்தைக் கீழே போட்டுவிட்டு எழுந்து ஓடி வந்தாள். அதற்குள் அன்சில்டா பதினொன்று, பன்னிரண்டு என்று தானே எண்ணியபடி, கதவைத் தாண்டி மைதானத்தின் பக்கம் துள்ளிப் போய்க்கொண்டிருந்தாள்.