சிங்கம் பார்க்கும் பக்கம்

“உன் நாட்டுக் கொடியே உனக்குத் தெரியலன்னா, நீ அந்த ஊர்க்காரின்னு எவன்டி நம்புவான்?”

ஷ்யாமளா ஸ்டீயரிங்கில் ஓங்கித் தட்டினாள். கோர்ட் பார்க்கிங்கில் பக்கத்துக் காரில் இருந்த வெள்ளைக்காரர் திரும்பிப் பார்த்தார்.

ரூபிகா நிமிர்ந்து உட்கார்ந்தாள். “திரும்பக் கேளுங்கோ அக்கா.”

“ரெண்டு கோடு. என்ன கலர், யாருக்கு?”

“பச்சை முஸ்லிம் ஆக்களுக்கு. செம்மஞ்சள் தமிழாக்களுக்கு.”

“சிங்கம்?”

“சிங்கள ஆக்களுக்கு. வலக்கையில வாள். எங்கட கோட்டைப் பாத்துக்கொண்டுதான் நிக்குது.”

“அதை உள்ள சொல்லித் தொலைக்காத. மூலைக்கு ஒரு அரச இலை இருக்கே, அது எதுக்கு?”

“அன்பு, கருணை…” ரூபிகாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அது நல்ல சிரிப்பு இல்லை.

அகதி மனுவின் முதல் விசாரணையில் இந்தக் கொடிதான் அவளைக் கவிழ்த்தது. கோடுகளுக்கு அர்த்தம் தெரியாது என்றாள். இவள் இலங்கைத் தமிழச்சி என்பதே சந்தேகம் என்று அதிகாரி எழுதிவிட்டான். இன்று நீதிபதியும் நம்பாவிட்டால் அடுத்தது கொழும்பு விமானம். தொண்ணூற்றாறில் அவள் அண்ணனை அந்த விமான நிலையத்தில்தான் பிடித்தார்கள். அதற்குப் பிறகு ஆளே இல்லை.

“ஸ்கூல்ல கூடவா சொல்லித் தரல?”

“பள்ளிக்கூடத்தில அகதிகள் எல்லோ இருந்தவை. கொடி ஆமி கேம்ப்பிலதான் பறக்கும். அதால போகேக்க குனிஞ்சுதான் போறது. நிமிர்ந்து பாத்துக் கோடு எண்ணினா சுடுவாங்கள்.”

“இதையே அன்னிக்குச் சொல்லியிருக்கலாமில்ல?”

“சொன்னனான். அவர் எழுதேல்ல.”

“சரி, ஒடியல் கூழுக்கு என்ன போடுவீங்கன்னு கேட்டா?”

“பனங்கிழங்கு ஒடியல் மா, நண்டு, மீன் தலை, பயித்தங்காய், பலாக்கொட்டை, முருங்கை இலை…” மூச்சு விடாமல் சொன்னாள்.

“போதும்டி. கூழை எவனும் கேக்கமாட்டான். அவன் புக்குல கொடிதான் இருக்கு.”

ஷ்யாமளாவும் அதே தீவின் பெயரைச் சொல்லி, இதே கேள்விகளைத் தாண்டி, கிரீன் கார்டு வாங்கியவள். எடிசனில் மளிகைக் கடைக் கல்லாவில் இந்தியர்களோடு நின்று நின்று அக்காவின் பேச்சு மாறிவிட்டது என்று ரூபிகா நினைத்துக்கொள்வாள். ஊர்ப் பேச்செடுத்தால் அக்கா வேறு பேச்சுக்குப் போய்விடுவாள். எரிந்துபோன ஊராக இருக்கும் என்று ரூபிகாவும் தோண்டியதில்லை.

உள்ளே ரூபிகா ஒன்றைக்கூடத் தவறவிடவில்லை. கோடு, சிங்கம், வாள், இலை எல்லாம் சொன்னாள். நீதிபதி பேனாவை மூடினார்.

“போன முறை எதுவும் தெரியவில்லை. இன்று எல்லாம் தெரிகிறது. நடுவில் யார் சொல்லிக் கொடுத்தார்கள்?” மொழிபெயர்ப்பாளர் தமிழில் கேட்டார்.

பொய் சொல்லியிருக்கலாம். ரூபிகாவுக்கு அது வரவில்லை. “தெரிஞ்ச அக்கா ஒராள் சொல்லித் தந்தவ.”

தெரியாவிட்டால் இலங்கைக்காரி இல்லை, தெரிந்தால் மனப்பாடம். மனு தள்ளுபடி. அப்பீல் என்று வக்கீல் ஏதோ சொன்னார். சொல்லும்போதே அடுத்த கேஸ் கட்டைப் பிரித்துவிட்டார்.

காருக்குள் வந்து ஷ்யாமளா சாவியைப் போட்டாள், திருப்பவில்லை. “கொஞ்சம் தடுமாறிச் சொல்லுன்னு சொல்லியிருக்கணும். எனக்குத் தோணல.”

“உங்களை மட்டும் எப்பிடியக்கா நம்பினவங்கள்?”

“நான் முதல் தடவையே சரியாச் சொல்லிட்டேன். லைப்ரரில உக்காந்து படிச்சுட்டுத்தான் போனேன்.”

“லைப்ரரியிலயோ?” ரூபிகா முகத்தைத் துடைத்துக்கொண்டாள். “அப்ப நீங்களும் கொடியைக் காணேல்லயோ? இலங்கையில உங்கட ஊர் எதக்கா?”

ஷ்யாமளா அவளைப் பார்க்காமல் சொன்னாள்.

“நாமக்கல்.”