அல் ஹர்பி

“அந்தப் பேர் என்ரை பிள்ளையின்ரை கலியாணப் பதிவிலை ஏறக் கூடாது. அவ்வளவுதான்.”

பாலேந்திரா பேனாவை மேசையில் போட்டார். திங்கட்கிழமை பதிவு அலுவலகத்துக்குக் கொண்டுபோக வேண்டிய படிவத்தில் எல்லாக் கட்டமும் நிரம்பிவிட்டது. ஒன்றே ஒன்றுதான் பாக்கி. காலையிலிருந்து அதையே முறைத்துப் பார்த்ததில் இரண்டு தேத்தண்ணி ஆறிப்போனதுதான் மிச்சம்.

மகள் ஜதுர்ஷிகாவுக்கு அந்தக் கவலையெல்லாம் இல்லை. இரண்டு நாளாக அந்தப் பெயரைத்தான் தேடித் தேடிப் படித்துக்கொண்டிருக்கிறாள்.

“‘அல்’ எண்டது இங்கிலீஷிலை பேருக்கு முன்னாலை வாற ‘த’ மாதிரி, அப்பா. ஹர்ப் எண்டது ஒரு கோத்திரம். கடைசியிலை ஒரு ‘இ’ வருகுதெல்லோ, அது அதைச் சேர்ந்தவர் எண்டு அர்த்தம். அல் ஹர்பி எண்டால் ஹர்ப் கோத்திரத்து ஆள். நாங்கள் யாழ்ப்பாணத்தான் எண்டு சொல்லுறேல்லையே, அப்பிடித்தான்.”

“நல்லது. கோத்திரத்தோடை அவையள் நல்லா இருக்கட்டும்.”

அவள் விடவில்லை. மக்காவுக்கும் மதீனாவுக்கும் இடையில் பரவி வாழும் பெரிய கூட்டம் அது என்றாள். நம்மைப்போலத் தகப்பன் பெயரைக் கடைசியில் போடாமல் அதை நடுவில் வைத்து, கோத்திரத்தின் பெயரைக் கடைசியில் வைப்பார்களாம். அதனால் ஹர்பி என்று இரண்டு பேர் இருந்தால் அவர்கள் ஒரு தகப்பன் பிள்ளைகள் என்று நினைத்துவிடக் கூடாதாம். ஹர்ப் என்ற சொல்லுக்கு அரபியில் போர் என்றும் பொருளாம்.

“போரே? பொருத்தம்தான்,” என்று குசினியிலிருந்து மனைவி சிவனேஸ்வரியின் குரல் வந்தது. “காலமை தொடக்கம் இந்த வீட்டிலை அதுதானே நடக்குது.”

பாலேந்திராவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. “எனக்கு ஒருத்தரும் ஹர்பியைப் பற்றிப் படிப்பிக்கத் தேவையில்லை. ரியாத்திலை ரெண்டு வருஷம் ஒரு ஹர்பியட்டை லொறி ஓடினனான். லீவு நாளான வெள்ளிக்கிழமையும் லொறியை எடு எண்டு வாசலிலை வந்து நிக்கிற மனுசன்.”

“அதுக்குக் கோத்திரம் என்ன செய்யும், அப்பா? பேரிலை என்ன வெக்கம்?”

விம்பிள்டன் நகுலேஸ்வரி அக்காவின் குணம் இவளுக்குத் தெரியாது. கலியாணம் முடிந்த கையோடு பதிவுப் பத்திரத்தை வாங்கி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வரி வரியாக வாசிப்பார். அல் ஹர்பியில் வந்து நிற்பார். நிமிர்ந்து இவரைப் பார்ப்பார். அந்தக் கதை குட்மேய்ஸ் தமிழ்க் கடைகளுக்குப் போய்ச் சேர ஒரு மணி நேரம் போதும்.

“அந்தக் கட்டத்தை வெறுமையா விடுவம்,” என்றார்.

“விட்டால் அப்பிடி ஒரு ஆளே இல்லை எண்டு ஆகிடும். உங்களுக்குச் சம்மதமே?”

அதற்கும் சம்மதமில்லை. ஜதுர்ஷிகா தலையில் கைவைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள்.

சிவனேஸ்வரி ஈரக்கையைத் துடைத்தபடி வந்து, ஒரு வெள்ளைத் தாளை மேசையில் வைத்தாள். “டீட் போல் எண்டு ஒண்டு இருக்காம். இந்தப் பேரை விட்டிட்டு இந்தப் பேருக்கு மாறுறன் எண்டு எழுத வேணும். பழைய பேரிலை ஒரு கையெழுத்து, புதுப் பேரிலை ஒரு கையெழுத்து. சாட்சிக்கு வெளி ஆக்கள் ரெண்டு பேர். பக்கத்து வீட்டு மேரிசாந்தியும் புருசனும் வருகினம். முப்பத்தாறு வருஷத்துக்கு முன்னம் செய்திருக்க வேண்டிய வேலை.”

ஏஜென்ட் பாஸ்போர்ட்டைப் பறித்துக்கொள்ள, சவுதி வேலை அட்டையோடு மட்டும் லண்டனில் வந்து இறங்கிய நாளில், அந்த அட்டையில் தன் பெயருக்குக் கீழே இருந்த முதலாளியின் பெயரைக் குடும்பப் பெயரென்று நினைத்து ஓர் அதிகாரி எழுதிவிட்ட ‘பாலேந்திரா அல் ஹர்பி’யாக, சாட்சிகள் வந்ததும் அவர் கடைசித் தடவை கையெழுத்து வைத்தார். பிறகு படிவத்தை இழுத்து, ‘மணமகளின் தகப்பன் பெயர்’ என்ற கட்டத்தில், மாப்பிள்ளை துஷாந்தனின் தாய் நகுலேஸ்வரி கண்ணாடி இல்லாமலே வாசிக்கும்படி, கொட்டை எழுத்தில் எழுதினார்: பாலேந்திரா அம்பலவாணர்.