மூத்தவனைப் போட்டுக் கொடுத்தது யார்?

"எந்தப் படுபாவி போட்டுக் கொடுத்தான்? எனக்கு இப்பத் தெரிஞ்சாகணும்!"

வாசலில் நின்று போஸ்ட்மேன் போட்ட சத்தத்தில் தெருவே எட்டிப் பார்த்தது. மரத்தடியில் வனத்துறை ஆட்கள் ரம்பத்தோடு நின்றார்கள்.

"சத்தியமா நான் இல்லப்பா!" என்றார் எதிர்வீட்டுக்காரர், யாரும் கேட்காமலே.

தையல் மெஷினுக்குப் பின்னால் போஸ்ட்மேனின் மனைவி குனிந்த தலை நிமிராமல் தைத்துக்கொண்டிருந்தாள். போன் பண்ணிச் சொன்னதே அவள்தான்.

கல்யாணமான வருஷம் அவர் கன்றாகக் கொண்டுவந்து வைத்த மரம். மகளுக்கு முந்தியே வந்துவிட்டதால் 'மூத்தவன்' என்று பெயர். வேலைக்குக் கிளம்பும்போது அவளிடம் சொல்லிக்கொள்ள மறந்தாலும், அவனைத் தட்டிக்கொடுக்க மறக்கமாட்டார்.

போன வாரம், நிழலில் உட்கார்ந்து தைத்துக்கொண்டிருந்தவள் நிமிர்ந்து பார்த்தாள். பட்டை முழுக்க ஊசி குத்தினாற்போல் ஓட்டைகள். அடியில் மாவாக மரத்தூள். வனத்துறை வண்டி ஊரெல்லாம் மைக்கில் சொல்லிக்கொண்டு போன அதே வண்டு! சரக்குப் பெட்டிப் பலகையோடு கடல் தாண்டி வந்தது. அதைத் தின்னும் பறவைகூட இந்தப் பக்கம் கிடையாது. கொல்லைக்குப் பின்னாலேயே காடு. மலை முழுக்க இதே மரம்தான்.

இரண்டு நாள் அவளுக்குச் சாப்பாடு இறங்கவில்லை. மூன்றாம் நாள் அவர் வேலைக்குப் போனதும் போனை எடுத்துவிட்டாள்.

"நீயாவது கேளேன்டி! உன் பிள்ளையை அறுக்க வந்திருக்காங்க!" என்று இப்போது அவளிடமே திரும்பினார் போஸ்ட்மேன்.

"விடுங்க... அவனுக்குத்தான் நோய் வந்திடுச்சே. காட்டுல பரவினா அத்தனையும் போயிடும்ல?"

அவர் சட்டென்று அடங்கிப்போனார். மரத்தை ஒரு தட்டுத் தட்டினார். "அறுத்துக்கோங்க சார்" என்று சொல்லிவிட்டு, துண்டால் முகத்தைப் பொத்திக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

சாயங்காலத்துக்குள் எல்லாம் முடிந்தது. தூள்கூட மிச்சம் வைக்காமல் எரித்தார்கள். ரேஞ்சர் கையெழுத்துக்குக் காகிதத்தை நீட்டினார்.

"சார், ஒரு உதவி" என்று குரலைத் தாழ்த்தினாள். "தகவல் சொன்னது நான்தான்னு அவருக்குத் தெரியவே வேண்டாம். மனுஷன் தாங்கமாட்டார்."

ரேஞ்சரும் குரலைத் தாழ்த்தினார்.

"உங்க போன் வர்றதுக்கு முந்தின நாளே ஐயா நேர்ல வந்து சொல்லிட்டாரும்மா. உங்களுக்கு மட்டும் தெரியக் கூடாதுன்னு கையைப் பிடிச்சுக் கெஞ்சினார்... நீங்க தாங்கமாட்டீங்களாம்."